மூன்றாம் எண் கிடா

5.1.1988

கம்பெனி தொடங்கி நான்கு வருடமாகிறது. நடந்ததை எழுதிவைக்க வேண்டும். முதலில் வரிசை:

1. ஓய்வுபெற்ற விலங்கியல் ஆசிரியனான நான், பழைய மாணவன் இன்பராஜின் பேச்சைக் கேட்டு, அருப்புக்கோட்டையில் பஞ்சு மூட்டை அடுக்கிவைக்கும் கிட்டங்கி ஒன்றில் கருச் சோதனை மருந்து தயாரிக்க வந்தது.
2. முயல்களை விட்டுக் கிடாக்களுக்கு மாறியது.
3. கிட்டங்கியைக் கொடுத்த சந்தனம்மாளுக்கு, அதாவது இன்பராஜின் அம்மாவுக்கு, இந்த வேலை விளங்காது என்பதால் விளக்குவதை நான் விட்டுவிட்டது.
4. எங்கள் மருந்து நன்றாக வேலை செய்கிறது. (எழுதக் கூச்சமாக இருக்கிறது. ஆனால் உண்மை.)

17.1.1988

இரண்டாவதைச் சொல்லிவிடலாம். முதல் சித்திரை வெயிலிலேயே முயல்கள் செத்தன. இந்த ஊர் வெயிலுக்குக் கிடாதான் சரி என்று மூன்று வாங்கினோம். கர்ப்பிணிகளின் சிறுநீரில் இருக்கும் ஹார்மோனைப் பிரித்துக் கிடாவுக்குச் சிறுகச் சிறுக ஊசி போட்டால், அதற்கு எதிரான பொருள் அதன் ரத்தத்தில் ஊறும். மாதம் ஒருமுறை கழுத்து ரத்தக்குழாயில் கொஞ்சம் ரத்தம் எடுத்துத் தெளியவைத்தால் அதுதான் எங்கள் மருந்து. கண்ணாடித் தகட்டில் பெண்ணின் சிறுநீரோடு அதைக் கலந்து, பால் போன்ற இன்னொரு திரவத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். திரிந்தால் கரு இல்லை. திரியாவிட்டால் உண்டு.

மூன்று கிடாக்களில் மூன்றாம் எண்ணின் ரத்தம்தான் தேறியது. மற்ற இரண்டும் வெறுமனே தின்கின்றன.

சந்தனம்மாள் ஒருநாள் கேட்டார்: “ஏன் சாரு, பொம்பளைக்குப் பிள்ளை உண்டா இல்லையான்னு சொல்ல ஒரு கிடாவா வேணும்? அதுக்கென்ன தெரியும்?”

நான் சிரித்துச் சமாளித்தேன்.

9.2.1988

மதுரையிலிருந்து முதல் ஆர்டர்! ஒரு பெரிய மருத்துவமனை, மாதாமாதம் வேண்டுமாம். இன்பராஜ் ஸ்கூட்டரை நிறுத்தக்கூட இல்லை, அப்படியே கிட்டங்கிக்குள் ஓட்டிவந்துவிட்டான். இருப்பில் உள்ளது முதல் மாதத்துக்குத்தான் போதும். அதனால் என்ன, மூன்றாம் எண் இருக்கிறது.

10.2.1988

எப்படி எழுதுவேன்.

முதல் ஆர்டர் வந்தால் கிடா வெட்டுவதாகச் சந்தனம்மாள் இருளப்பசாமிக்கு நேர்ந்திருக்கிறார். எந்தக் கிடா? மூன்றாம் எண்!

“இருக்கதுல நல்லது எதுன்னு நீங்கதான சாரு சொன்னீக? சாமிக்குச் சொத்தையவா குடுக்க முடியும்?”

இன்பராஜ் கத்தினான். “எம்மா, அது போச்சுன்னா கம்பெனியே போச்சும்மா! வேற ஆடு வாங்கித் தாரேன்.”

“வாக்கு வாக்குதான்லே. பங்குனியில ஊரே வருது. சங்கையாகிட்டச் சொல்லியாச்சு.”

சங்கையா அந்தக் கோயில் பூசாரி. என்னிடம்தான் நியாயம் கேட்பதுபோல் இருவரும் திரும்பினார்கள். நான் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தேன். முப்பது வருடம் வகுப்பெடுத்தவன்!

2.3.1988

மற்ற இரண்டு கிடாக்களுக்கும் ஊசியின் அளவைக் கூட்டிப் பார்த்தேன். அவற்றின் ரத்தத்தில் எடுத்த மருந்துக்கு அந்தப் பால் திரவம் திரியவே இல்லை. புதுக் கிடா வாங்கினாலும் தேற ஏழெட்டு மாதம் ஆகும். மதுரைக்காரர்கள் அதுவரை பொறுப்பார்களா?

25.3.1988, பங்குனி வெள்ளி

எம்.ரெட்டியபட்டியைத் தாண்டிக் கருவேலங்காட்டுக்குள் கோயில். லோடு வேனில் மூன்றாம் எண்ணோடு நானும் போனேன். அதற்கு மாலை போட்டிருந்தார்கள். மாலையைத் தின்றுகொண்டே வந்தது.

தண்ணீர் தெளித்ததும் கிடா உடம்பைச் சிலிர்த்துத் துலுக்க வேண்டும். அதுதான் சாமி சம்மதம். துலுக்காத கிடாவை வெட்டமாட்டார்கள். சங்கையா மஞ்சள் தண்ணீரைக் கழுத்திலும் முதுகிலும் தெளித்தார்.

அது அசையவில்லை. கழுத்தை நீட்டிக் கொடுத்துக்கொண்டு மரம்போல் நின்றது.

இன்னொரு முறை. அப்படியே நின்றது.

எனக்குப் புரிந்துவிட்டது. மாதாமாதம் ரத்தம் எடுக்கும்முன், குளிர்ந்த ஈரப்பஞ்சால் அதன் கழுத்தையும் தோளையும் நன்றாக நனைத்து, அது அசையாமல் நிற்கும்வரை காத்திருப்பது என் வழக்கம். நின்றால் பிடி கடலைக்கொடி கிடைக்கும். அது ரத்தம் கொடுக்க நிற்கிறது! இதைச் சொல்ல வேண்டாமா? சொன்னால் என்ன ஆகும்? சொல்லாமல் இருப்பது பொய்தானே?

“என்னய்யா, கிடா தூங்குதா?” என்றான் கூட்டத்தில் ஒருவன். “காதுக்குள்ள ஊத்துங்கப்பா, தன்னால துலுக்கும்!”

மூன்றாம் முறையும் தெளித்த சங்கையா, செம்போடு காதருகே குனிந்தார். சந்தனம்மாள் குறுக்கே கையை நீட்டினார்.

“மூணு வாட்டி கேட்டாச்சு. சாமி வேணாம்னுட்டாரு. பெறகு என்ன வம்புக்கா இழுக்கிறீக? அவுத்து விடுங்க. அடுத்த வெள்ளி வேற கிடா கொண்டாறேன்.”

சங்கையா சாமியைப் பார்த்தார், கிடாவைப் பார்த்தார், கயிற்றை என் கையில் கொடுத்தார்.

26.3.1988

காலையில் சந்தனம்மாளிடம் போய், பஞ்சு நனைத்துப் பழக்கியதை ஒளிக்காமல் சொன்னேன். அவர் முறத்திலிருந்து நிமிரவில்லை.

“நெதம் வாசல்ல உக்காந்திருக்கவ நான். நீங்க கழுத்த நனைக்கயில அது நிக்கிற நிலைய நான் பாக்கலையாக்கும்?”

“அப்படியானால்... தெரிந்தேதான் நேர்ந்தீர்களா?”

“நேரும்போது தெரியாது சாரு. நல்லதக் குடுக்கணும்னுதான் நேந்தேன். பங்குனி கிட்ட வர வரத்தான் புரிஞ்சுது. துலுக்கியிருந்தா வெட்ட நான் தடுத்திருக்க மாட்டேன். துலுக்கலை. யாரு பழக்கினதுன்னு சாமி கேக்கலையே, நீங்க ஏன் கேக்கீக?”

11.4.1988

இன்று மூன்றாம் எண்ணிடம் ரத்தம் எடுத்தோம். மருந்து அருமையாக வந்திருக்கிறது. புதுக் கிடா இரண்டு வாங்கி ஊசி தொடங்கியாயிற்று, ஒன்றையே நம்பக்கூடாது என்று. பழக்குவதற்காகக் கழுத்தை நனைக்கும்போது புதியவற்றைச் சந்தனம்மாள்தான் பிடித்துக்கொண்டார். எதற்காக ஹார்மோன், ஏன் திரிகிறது என்று கேட்டார். சொன்னேன். திரும்பச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

ஜனவரியில் போட்ட வரிசையில் மூன்றாவதாக எழுதியது தவறு.