எட்டில் ஒன்று குட்டை

வெள்ளி, இரவு.

நாளை பள்ளியில் மாறுவேடப் போட்டி. மற்ற பெண்பிள்ளைகள் மீன்வால் வைத்த கடல்கன்னியாக வருகிறார்கள். என் மகள் ரோஸிக்கு வேறு கடல்கன்னி வேண்டுமாம். இடுப்புவரை பெண், கீழே ஆக்டோபஸ் என்கிற பேய்க்கணவாயின் எட்டுக் கைகள். செல்போன் விளையாட்டில் பார்த்திருக்கிறாள்.

எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது. எட்டுக் கைகளுக்குள் அவளுடைய சூம்பிக் குட்டையான இடது கால் யார் கண்ணிலும் படாது. பழைய லெக்கின்ஸில் பஞ்சடைத்து, எட்டையும் ஒரே நீளத்தில் தைத்தேன்.

சாயங்காலம் கட்டிப் பார்த்துவிட்டு முகத்தைச் சுளித்தாள்.

"இன்னாமா, எல்லாம் ஒரே சைசுல கீது? லெஃப்ட்ல ஒண்ண குட்டையாக்கு."

"ஏண்டி?"

"அது அறுந்துபோயி திரும்ப வளந்துகினு கீது. பேய்க்கணவாய்க்கு கை போனா மொளைக்குமாம். நைனா சொல்லிச்சு."

சாப்பிட்டுக்கொண்டிருந்த என் கணவர் தட்டிலிருந்து தலை நிமிரவில்லை. "நான் கணவாயப் பத்திதான் சொன்னேன்," என்றார். போட்டில் வந்த, அறுந்த கை முளைத்துக்கொண்டிருந்த ஒன்றைக் காசிமேடு மீன் துறைமுகத்தில் அவளுக்குக் காட்டினாராம். சொன்னது பொய்யும் இல்லை. எனக்குத்தான் பற்றிக்கொண்டு வந்தது. ஆனால் நான் மட்டும் அவளிடம் உண்மையைச் சொல்லிவிட்டேனா? கத்தரிக்கோலை எடுத்து ஒன்றைக் குட்டையாக்கினேன்.

இப்போது போர்த்திவிடக் குனிந்தபோதுதான் பார்த்தேன். பாயை ஒட்டிய சுவரில், அவளுடைய இடது பாதம் முடிகிற இடத்தில் ஒரு பென்சில் கோடு. ஒருநாள் போட்ட கோடு இல்லை. அதே இடத்தில் திரும்பத் திரும்பப் போட்டு, கறுத்துத் தடித்துப் போயிருக்கிறது.