ஏழில் நான்கு

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டிவியில் ஹாக்கி ஓடிக்கொண்டிருந்தது. திரையின் அடியில் 'பெனால்டி கார்னர் ஒன்பது, கோல் நான்கு' என்று ஒரு வரி வந்தது. அவ்வளவுதான். மகள் சாப்பிடக் கூப்பிட்டாள், எழுந்திருக்க முடியவில்லை. ரெண்டு எண்களைப் பார்த்து இப்படிப் பதறுகிறவன் ஊரிலேயே நான் ஒருத்தனாகத்தான் இருப்பேன். காரணம் தெரிந்த ஒரே ஆள் நீ. நீயும் போய்ச் சேர்ந்துவிட்டாய்.

நான் எப்போதுமே பயந்தாங்கொள்ளி, உனக்குத் தெரியும். பள்ளிக்கூட நாளில் பசுவந்தனையிலிருந்து கோவில்பட்டிக்கு விளையாட வரும்போதே, பஸ் நேரத்துக்குப் போகுமா, கோச் திட்டுவாரா என்று உள்ளங்கை வேர்க்கும். பின்னக் கணக்கு என்றால் இன்னும் மோசம். "மொதல்ல பாதிக்கு மேலயா கீழயான்னு பாருலே, மிச்சம் தானா வரும்" என்பாய். அந்த ஒரு வரியை வைத்தே பரீட்சையில் தப்பித்தேன்.

பெனால்டி கார்னரை அப்போது ஷார்ட் கார்னர் என்போம்; அது நம் இருவருடைய வேலை. கோல் கோட்டிலிருந்து ஒருவன் பந்தைத் தள்ளிவிடுவான். நீ குனிந்து ஸ்டிக்கைப் படுக்கப் போட்டு நிறுத்துவாய், நான் அடிப்பேன். புல்லா இருந்தது அங்கே? சரளைக் கல்லும் கரிசல் வெடிப்பும்தான். பந்து எதில் பட்டு எங்கே துள்ளும் என்று யாருக்கும் தெரியாது.

அந்த வருஷம் மாவட்ட அணிக்கு அடிக்கிறவன் ஒருவன்தான் வேண்டும். எனக்கும் இன்னொருவனுக்கும் போட்டி. அவனுக்கும் பந்தை நிறுத்தியது நீதான். அந்த இடம் கிடைத்தால் விளையாட்டு ஒதுக்கீட்டில் கல்லூரிச் சீட்டு. இல்லையென்றால் மழையைப் பார்த்துக்கொண்டு அப்பாவோடு உளுந்துக் காட்டில் நிற்க வேண்டியதுதான். அந்த வருஷ ஆட்டங்களின் கணக்கைக் கோச் ஸ்டிக் முனையால் மண்ணில் எழுதினார்: அவனுக்குப் பத்து கார்னரில் ஐந்து கோல், எனக்கு ஒன்பதில் நான்கு. அவன் சரியாகப் பாதி, நான் பாதிக்குக் கீழே. நீ சொல்லித்தந்த வழியிலேயே பார்த்து, தோற்றுவிட்டேன் என்பது முதலில் எனக்குத்தான் தெரிந்தது.

அப்போதுதான் நீ முன்னால் வந்தாய்.

"சார், கீழ இருக்குற ஒம்பது தப்பு. ரெண்டு பந்த நான் நிப்பாட்டல. நிக்காத பந்த அவன் எப்படி அடிப்பான்? ஏழுல நாலுன்னு போடுங்க."

மற்றவனுக்குப் பத்தும் நின்றதா என்று கோச் கேட்டார். பத்தும் நின்றது என்றாய். அவர் ஒன்பதைக் காலால் அழித்துவிட்டு ஏழு என்று எழுதினார். நான் பாதியைத் தாண்டிவிட்டேன். பிறகு உன் பக்கம் திரும்பினார். மாவட்ட அணியில் பந்தை நிறுத்துவதற்கு உனக்குப் பதிலாக வேறொருவன் பெயரைச் சொன்னார்.

உன் சைக்கிளின் பின்னால் உட்கார்ந்து பஸ் ஸ்டாண்டு போகும்போது, இப்படி ஆகும் என்று தெரிந்தேதான் சொன்னாயா என்று கேட்டேன். நீ திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"தப்பாக் கணக்கு எழுதுதாரு. பாத்துக்கிட்டு சும்மா நிக்கச் சொல்லுதியா?"

எனக்குக் கல்லூரி கிடைத்தது. விளையாட்டை வைத்தே வேலையும் கிடைத்தது. நீ உன் அப்பாவின் இரும்புக் கடையில் உட்கார்ந்தாய். லீவில் வரும்போதெல்லாம் டீ வாங்கித் தந்து, எத்தனை கார்னருக்கு எத்தனை கோல் என்று கேட்பாய். ஒருநாளும் குத்திக்காட்டியதில்லை.

உன் இடத்துக்கு வந்தவன் கெட்டிக்காரன். அவன் ஒரு பந்தைக்கூட விட்டதில்லை. ஆனாலும் ஒவ்வொரு தடவையும் நிற்குமோ நிற்காதோ என்று பயந்துகொண்டேதான் ஸ்டிக்கை ஓங்கினேன். அந்தப் பயம் இன்னும் போகவில்லை; மகளின் பரீட்சை முடிவுக்கும் அதே பயம்தான், டாக்டர் எழுதித்தரும் சீட்டுக்கும் அதே பயம்தான். உன்னிடம் ரெண்டு பந்து தவறியதைக் கண்ணால் பார்த்தவன் நான். இருந்தும், நிற்கும் என்று நம்பி நான் ஸ்டிக்கை ஓங்கியதெல்லாம் நீ குனிந்திருந்தபோது மட்டும்தான்.