வழிகிற கண்ணுக்கு வறட்சி

பாளையங்கோட்டை
2.12.2024

அன்பு மகள் எவாஞ்சலினுக்கு,

அப்பா ஆசீர்வாதத்துடன் எழுதுவது. நான் சுகம். நீ சுகமில்லை என்று தெரிந்துதான் எழுதுகிறேன். ஞாயிறு தவறாமல் வீடியோவில் பார்க்கிறேனே, கண் சிவந்து தாரை தாரையாக வழிகிறது. கேட்டால் ‘ஒண்ணுமில்லப்பா’ என்கிறாய். ரெஜின் பக்கத்திலேயே நின்றால் நீ எப்படிச் சொல்லுவாய்? அதனால்தான் நீ நர்ஸ் வேலை பார்க்கும் ஆஸ்பத்திரி விலாசத்துக்கே எழுதுகிறேன்.

கட்டிக்கொடுத்து எட்டு மாசத்தில் என் பிள்ளையை அழவைக்க அவன் யார்? அம்மா போய் வருஷம் ஒன்றாகிறது. அவள் இருந்தால் இந்நேரம் ரயில் ஏறியிருப்பாள். நேற்று ஜெபக்கூட்டத்தில் உன் பேரைச் சொல்லி, மருமகன் மனந்திரும்ப ஜெபிக்கச் சொன்னேன். கிறிஸ்துமஸ் முடிந்ததும் டெல்லி வருகிறேன். திரும்பி வர நம் இருவருக்கும் டிக்கெட் எடுத்தாயிற்று. துணிமணியை எடுத்துவை.

அப்பா,
ஆபிரகாம்

லக்ஷ்மிபாய் நகர், புதுடெல்லி
9.12.2024

அன்புள்ள அப்பாவுக்கு,

உங்களை என்ன சொல்ல! அதே ஜெபக்கூட்டத்துக்கு என் மாமியாரும் வருவது மறந்துபோச்சா? கூட்டம் முடிந்த கையோடு அத்தை இவருக்குப் போன் போட்டு, “ஏலே, அவள அடிக்கியாலே?” என்று கேட்டிருக்கிறார்கள். ரெஜின் சாப்பிடவே இல்லை. “நான் என்ன செஞ்சேன் எவா?” என்று மட்டும் கேட்டார். எனக்கு அதுதான் தாங்கவில்லை.

அப்பா, என் கண்ணில் இருப்பது வறட்சி. சிரிக்காதீர்கள். ஐ.சி.யு.வில் ஏ.சி., வெளியே புகை, வீட்டில் ஹீட்டர். மானிட்டரை உற்றுப் பார்த்தால் இமைக்கவே மறந்துபோகிறது. கண்ணை ஈரமாக வைத்திருக்கும் நீர் சீக்கிரம் உலர்ந்துவிடுகிறது. அந்த எரிச்சலில் கண் தண்ணீரைக் கொட்டுகிறது; கொட்டியது வழிந்துபோகிறதே தவிர, கண்ணில் தங்குவதில்லை.

டாக்டரிடம் இழுத்துக்கொண்டு போனதே ரெஜின்தான். ஊருக்கெல்லாம் ஊசி போடுகிறேன், என் கண்ணில் நானே சொட்டு மருந்து விடப் பயம். அவர்தான் விடுகிறார். வீடியோவில் பக்கத்தில் நிற்பது அதற்குத்தான்.

நான் வரமாட்டேன். கூட்டத்தில் நீங்களே எழுந்து உண்மையைச் சொல்லுங்கள்.

எவா

பாளையங்கோட்டை
16.12.2024

அன்பு மகளுக்கு,

முதலில் நம்பவில்லை. தண்ணீர் கொட்டுகிற கண்ணுக்கு வறட்சியாம், யாருக்குக் காது குத்துகிறாள் என்று இங்கே கண் டாக்டரிடமே போனேன். நீ எழுதியதையே அவரும் சொன்னார். நேற்றுக் கூட்டத்தில் எழுந்து, “மருமகன் மேல ஒரு குத்தமும் இல்ல, நாந்தான் அவசரப்பட்டுட்டேன்” என்றேன். வெட்கமாகத்தான் இருந்தது. உன் மாமியார் வெளியே வந்து, “வீட்டுக்கு வந்து காப்பி குடிச்சிட்டுப் போங்க” என்றார்கள். போனேன்.

இன்னொன்று. அம்மா போனதிலிருந்து எனக்கும் சாயங்காலமானால் கண் வழிகிறது. இதுவும் வறட்சியாக இருக்குமோ என்று கேட்டேன். டாக்டர் கீழ் இமையில் சின்னக் காகிதத் துண்டை வைத்துப் பார்த்தார், விளக்கடித்துப் பார்த்தார். “உங்க கண்ணுல ஒரு குறையும் இல்ல சார்” என்றார். சொட்டு மருந்து எழுதிக்கொடுப்பார் என்று நினைத்திருந்தேன். தனியாக இருக்க முடியவில்லை, பாப்பா.

உன் டிக்கெட்டை ரத்து செய்துவிட்டேன். என் திரும்பு டிக்கெட்டையும் ரத்து செய்யட்டுமா? மருமகனைக் கேட்டு எழுது.

அப்பா

லக்ஷ்மிபாய் நகர், புதுடெல்லி
21.12.2024

அன்புள்ள மாமாவுக்கு,

ரெஜின் எழுதுவது. எவா டியூட்டிக்குப் போயிருக்கிறாள். ரத்து செய்துவிடுங்கள். ஹாலில் உங்களுக்குக் கட்டில் போட்டாயிற்று. இங்கே குளிர் அதிகம், ஸ்வெட்டர் கொண்டுவாருங்கள்.

காலையில் நான் ஆபீஸ் பஸ்ஸுக்கு ஓடவேண்டும். அந்த வேளைக்கு எவாவுக்குச் சொட்டு மருந்து நீங்கள் விடுங்கள். தலையை ஆட்டுவாள், நெற்றியைப் பிடித்துக்கொள்ள வேண்டும்.

ரெஜின்