பன்னிரண்டு அடிச் சந்து

மார்ச் 4

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. முட்டிவலி பரவாயில்லை. உன் ரத்தக்கொதிப்பு எப்படி, உப்பைக் குறைத்தாயா? கேட்டால்தான் சொல்வாய்.

எங்கள் சந்து முழுவதையும் சாலை விரிவாக்கத்துக்கு எடுக்கிறார்கள். நேற்று ஜீப் வாசல்வரை வந்தது. பத்திரப்பதிவுக்காக உங்கள் அலுவலகத்தில் தெருத்தெருவாகக் குறித்து வைக்கிறீர்களே, அந்த வழிகாட்டி மதிப்பின்படிதான் இழப்பீடாம். வந்த அதிகாரி உங்கள் பதிவேட்டின் நகலை விரித்துக் காட்டினார். 'அகலம் எட்டடி. வண்டி நுழையாது.' உன் கையெழுத்து. வண்டி போகாத சந்துக்கு மதிப்பு குறைவாம்.

"வாசல்லயே ஜீப்ப நிறுத்திட்டு வண்டி நுழையாதுங்கறாங்களே" என்று பக்கத்து வீட்டுத் தையல்காரர் என்னைப் பார்த்தார். நான் உள்ளே வந்து கதவைச் சாத்திக்கொண்டேன். அவருக்குக் கிடைக்கப்போவதில் ஓர் அறைகூட வாங்க முடியாது.

ஒன்பது வருஷத்துக்கு முன் அவர் அந்த வீட்டை வாங்கும்போது, பதிவுச் செலவு தாங்காது, மதிப்பைக் குறைத்துப் போடு என்று உன்னை நச்சரித்தவள் நான்தான். முடியாது என்றாய். இரண்டு வாரம் உன்னோடு பேசாமல் இருந்து சாதித்தேன்.

ஏதாவது வழி இருந்தால் சொல்.

அக்கா

மார்ச் 11

அன்புள்ள அக்காவுக்கு,

உப்பைக் குறைத்துவிட்டேன். தூக்கம்தான் இல்லை.

வழி ஒன்றுதான். அளந்தவனே தவறாக எழுதினேன் என்று எழுதிக் கொடுத்தால் மதிப்பைத் திருத்துவார்கள். கொடுத்த அன்றைக்கே என் வேலை போகும். ஓய்வு பெற நான்கு மாதம் இருக்கிறது. ஓய்வூதியமும் கேள்விக்குறிதான். மூன்று தடவை பேனாவை எடுத்தேன், கை வரவில்லை. மன்னித்துவிடு. நீ இங்கே வந்துவிடு. மாடி அறை சும்மாதான் கிடக்கிறது.

தம்பி

மார்ச் 15

தம்பிக்கு,

எனக்கு மாடி அறை இருக்கிறது. தையல்காரருக்கு?

நடந்ததை அவரிடம் சொல்லிவிட்டேன். கத்தரியைக் கீழே வைத்தார். பிறகு, "எனக்கு நல்லதுன்னுதானே கேட்டீங்க" என்றார். திட்டியிருந்தால் தேவலை.

உன்னை எழுதச் சொல்லமாட்டேன். ஒருதடவை உன்னைக் கட்டாயப்படுத்தியது போதும். நான் கேட்டுத்தான் குறைத்தார்கள் என்று நானே மனு எழுதிவிட்டேன். உன் பெயர் வரவேண்டிய இடத்தை மட்டும் காலியாக விட்டிருக்கிறேன். நீ சொல்லாமல் அனுப்பமாட்டேன்.

அக்கா

மார்ச் 27

அன்புள்ள அக்காவுக்கு,

உன் மனுவைக் கிழித்துப் போடு. திங்கட்கிழமை நானே எழுதிக் கொடுத்துவிட்டேன். மேசையைக் காலி செய்யச் சொன்னார்கள். முப்பத்திரண்டு வருஷத்தில் என்னுடையது என்று அதில் இருந்தது ஒரு டிபன் பாக்ஸும் மூக்குக்கண்ணாடிக் கூடும்தான். மறுபடி அளக்க ஆள் வருவார்கள். அதுவரை எந்தக் காகிதத்திலும் கையெழுத்துப் போடவேண்டாம் என்று தையல்காரரிடம் சொல்.

விசாரணையில் ஒரே ஒரு பொய் சொன்னேன். அன்று டேப்பின் ஒரு முனையை நானும் மறுமுனையை நீயும் பிடித்துத்தான் அளந்தோம். பன்னிரண்டு அடி இருந்ததை இரண்டு பேரும் பார்த்தோம். மறுமுனையை யார் பிடித்தது என்று கேட்டார்கள். சுவரில் இருந்த ஆணியில் மாட்டினேன் என்று சொல்லிவிட்டேன்.

நீ வாயைத் திறக்காதே. மாடி அறையைப் பெருக்கி வைத்திருக்கிறேன்.

தம்பி