உன் பெயரில் நான் எழுதிய ராஜினாமா

நேற்று வில்லாபுரத்தில் மணிக்கணக்கில் வாடகைக்கு விடும் செயற்கைப் புல் மைதானத்தைக் கடந்து வந்தேன். வெயிலில் சூடேறிய ரப்பர் வாடை. உன் லீகின் முதல் ஆட்டத்தைப் பார்க்க ரயிலேறி வந்தேனே, அந்த அரங்கத்திலும் இதே வாடைதான்.

எட்டு நகரம், எட்டு அணி, வெளிநாட்டுப் பயிற்சியாளர்கள், வாணவேடிக்கை. நாட்டின் கால்பந்துக்கே விடிந்துவிட்டது என்றார்கள். இரண்டாவது சீசன் முடிவதற்குள் லீகை மூடினார்கள். அதை நடத்தியவர்களை நான் மன்னிக்கவில்லை. நம் அலுவலக விளையாட்டு அதிகாரியை, அவர் ஓய்வுபெற்று இத்தனை வருடம் ஆன பிறகும் மன்னிக்கவில்லை. பழங்காநத்தம் டீக்கடையில் என்னோடு உட்கார்ந்த எல்லோருக்கும் இந்தப் புலம்பல் மனப்பாடம்.

நாம் இருவரும் பந்தாடித்தான் அந்த வேலைக்கு வந்தோம். காலையில் வருகைப் பதிவேட்டில் கையெழுத்து, மதியத்துக்கு மேல் பயிற்சி. என் முழங்கால் போனதும் அதிகாரி என்னை அணியிலிருந்து எடுத்துக் கோப்புகளுக்கு நடுவே உட்கார வைத்தார். உனக்கு லீகிலிருந்து அழைப்பு வந்தது. வேலையை விட்டுவிட்டு வரவேண்டும் என்பது அவர்கள் நிபந்தனை.

அப்படிப் போகிறவர்கள் கடிதம் எழுத ஒரு வழக்கம் இருந்தது. மூன்றே வரி: குடும்பச் சூழ்நிலை, நன்றி, திரும்பி வந்தால் கவனிக்கவும். அப்படி எழுதிக் கொடுத்துப் போனவர்களை, அணிக்கு ஆள் குறையும்போது மறுபடி எடுத்துக்கொள்வார்கள்.

"நீதான் காலேஜ் இங்கிலீஷ்காரன். டைப் அடிச்சுக் குடு மாப்ள," என்றாய்.

நான் இரண்டு பக்கம் அடித்துக் கொண்டுவந்தேன். புரட்டிப் பார்த்தாய்.

"என்னடா இம்புட்டு இருக்கு? வேலைய விடுறேனா, வேலைக்கு மனுப் போடுறேனா?"

"இங்கிலீஷ்ல அப்படித்தான் வரும். கையெழுத்தப் போடு."

சிரித்துக்கொண்டே போட்டாய்.

அதிகாரி ஆள் பார்த்து அணி எடுக்கிறார், அடிபட்டவனைக் குப்பையாக ஒதுக்குகிறார், பந்தைக் காலால் தொட்டறியாதவர் என்றெல்லாம் அந்தப் பக்கங்களில் இருந்தது. அத்தனையும் என் கோபம். என் பெயரில் எழுத எனக்குத் துணிச்சல் இல்லை.

லீக் மூடியதும் சட்டையை இன் பண்ணிக்கொண்டு அலுவலகத்துக்கு வந்தாய். கால் மணி நேரத்தில் அதிகாரியின் அறையிலிருந்து வெளியே வந்தாய். "எடம் இல்லங்கிறாரு மாப்ள. வா, டீ சாப்பிடுவோம்." நான் நம்பினேன். நம்புவது எனக்கு வசதியாகவும் இருந்தது. நான் கண்காணிப்பாளர் ஆனேன். நீ டி. கல்லுப்பட்டிப் பக்கம் ஒரு தனியார் பள்ளியில் வருடா வருடம் ஒப்பந்தம் போட்டு விளையாட்டு வாத்தியாராக இருந்தாய்; டிரைவர் வராத நாளில் பள்ளி வேனும் ஓட்டினாய். நான் லீகைத் திட்ட ஆரம்பித்தால், "விடு மாப்ள, ரெண்டு வருசம் நல்லா ஆடுனேன்ல" என்பாய்.

மூன்று மாதம் முன்பு, உன் துக்க வீட்டில், நம் பழைய கோல்கீப்பர் அண்ணன் என்னைப் பந்தலுக்கு வெளியே கூப்பிட்டார். நீ வேலை கேட்டு வந்த அன்று அதிகாரியின் அறையில் அவரும் இருந்திருக்கிறார்.

"அந்த லெட்டர வரிவரியா தமிழ்ல சொன்னாருப்பா. சொல்லிட்டு, 'இது உன் இங்கிலீஷ் இல்ல. எழுதுனவன் பேரச் சொல்லு, நாளைக்கே உன்ன எடுத்துக்கிறேன்'னாரு."

"இவன் என்ன சொன்னான்?"

"'நான் சொல்லச் சொல்ல ஒருத்தன் அடிச்சான் சார், பேரு மறந்துபோச்சு'ன்னான். அவருக்கே சிரிப்பு வந்துருச்சு. ஆனா எடுக்கல."

இதை நீ என்னிடம் சொல்லியிருக்கலாம். ஒரு தடவையாவது என் சட்டையைப் பிடித்திருக்கலாம். பிடிக்காமலே போய்விட்டாய் என்று உன்மேலும் எனக்குக் கோபம் இருக்கிறது. எழுத வெட்கமாகத்தான் இருக்கிறது, ஆனாலும் இருக்கிறது.

போன ஞாயிற்றுக்கிழமை, உன் மனைவியிடமாவது சொல்லிவிடலாம் என்று போனேன். காபியைக் கையில் கொடுத்துவிட்டு, "அந்த ஆபீசுல இவுகளுக்குன்னு இருந்தது நீங்க ஒருத்தர்தான் அண்ணே," என்றாள். குடித்து முடித்தேன். "வாரேம்மா" என்று எழுந்துவிட்டேன்.

தெருமுனைக்கு வந்ததும் கோல்கீப்பர் அண்ணனுக்குப் போன் செய்தேன். அவளிடம் நீங்களும் சொல்லிவிடவேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன்.

"அவனே சொல்லல, நான் எதுக்குப்பா சொல்றேன்," என்று சொல்லி வைத்துவிட்டார்.