மலை நகராது என்று சொன்னேன்

பாய்,

நீங்கள் கொடுத்த அட்லஸ் புத்தகத்தை இன்று மத்தியானம் பரணிலிருந்து இறக்கினேன். பிரித்ததும் உங்கள் அத்தர் வாசனை. மகன் செந்தில் நேற்றுக் காலையிலிருந்து போன் எடுக்கவில்லை. அவன் சுரங்கப்பாதை வேலை செய்யும் இமயமலைப் பக்கம் மூன்று நாளாக மழை, மண்சரிவு என்று டிவியில் ஓடுகிறது. இங்கே வரிச்சிக்குடியில் ஒரு சொட்டு இல்லை.

நான் எட்டாவதோடு நின்றவன். இந்தப் புத்தகத்தை வைத்துத்தான் மலைகளைக் கற்றேன். தென் அமெரிக்காவின் மேற்கு ஓரம் நெடுக ஆண்டிஸ், ஐரோப்பாவின் நடுவே ஆல்ப்ஸ், ஐரோப்பாவுக்கும் ஆசியாவுக்கும் இடையில் யூரல். கண்ணை மூடிக்கொண்டு விரல் வைப்பேன். கப்பல் வேலைக்குப் போய் ஆண்டிஸை நேரிலேயே பார்த்தவர் நீங்கள். டீக்கடையில் எல்லோர் முன்னாலும் சிரித்தீர்கள்: "வரிச்சிக்குடிக்காரருக்கு மேடுன்னா வாய்க்கா வரப்புதான். இவரு இமயமலைக்கு வழி சொல்றாரு!" அந்தச் சிரிப்பை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

சுனாமியில் என் தங்கை போனபின் எனக்கு ஒரே எண்ணம். என் பிள்ளை தண்ணீர் ஏறாத இடத்தில் இருக்க வேண்டும். துபாய்க்குப் போகிறேன் என்றவனை உட்கார வைத்து, படத்தில் பழுப்பு நிறம் எங்கே அடர்த்தியோ அங்கே விரலை வைத்தேன். அவனை அங்கே அனுப்பியது நான்தான்.

"வேணாங்க," என்றீர்கள். "கடலு உள்வாங்கும், பறவை கத்தும். ஏதோ ஒண்ணு சொல்லிட்டு வரும். மலை சொல்லாதுங்க."

"மலை நகராது பாய்."

"நகந்ததப் பாத்தவன் சொல்றேன்."

நான் விட்டுக்கொடுக்கவில்லை. நீங்களும் விடவில்லை. ஒவ்வொரு ஆடியிலும் தலத்தெருவிலிருந்து சைக்கிள் மிதித்து வருவீர்கள். இறங்காமலே வாசலில் ஒரு காலை ஊன்றிக்கொண்டு, "தம்பி கீழ எறங்கிட்டானா?" என்பீர்கள். அங்கே மழை ஓயும்வரை அவன் லீவு போட்டு ஊருக்கு வர வேண்டும் என்பது உங்கள் கட்டளை. எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். ஆனாலும் நாளைக்கும் வந்து கேட்பீர்களே என்று, அவனை வரச் சொல்லிவிடுவேன்.

மாசியில் நீங்கள் கண்ணை மூடிவிட்டீர்கள். இந்த ஆடியில் யாரும் வந்து கேட்கவில்லை. நானும் அவனைக் கூப்பிடவில்லை.

"டவர் விழுந்திருக்கும் மாமா, பயப்படாதீங்க," என்கிறாள் மருமகள். சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய், எரியாத அடுப்பின் முன்னால் நிற்கிறாள்.

அவன் இருக்கும் இடம் படத்தில் என் விரல் நுனிக்குள் அடங்கிவிடுகிறது. விரலை எடுக்கவே பயமாக இருக்கிறது பாய். மலை நகரும் என்று உங்களிடம் ஒப்புக்கொள்ள இப்போதும் மனம் வரவில்லை. ஆனால் இந்தப் போன் ஒருமுறை அடித்தால், அவனிடம் நலமா, சாப்பிட்டாயா என்று எதுவும் கேட்க மாட்டேன். நீங்கள் கேட்டதைத்தான் கேட்பேன்.

"தம்பி, கீழ எறங்கிட்டியா?"