சமையலறை இருட்டாகவே இருக்கட்டும்

சியோல், சுங்முரோ
மார்ச் 4

அன்புள்ள இன்கியூ,

போனை எடுக்கமாட்டாய் என்று தெரிந்துதான் விரைவு அஞ்சலில் எழுதுகிறேன். வான்கூவரில், மகன் வீட்டில் உன் முட்டிவலி தேவலையா? எனக்கு இருமல்தான், குளிர் போயும் போகவில்லை.

போன படத்தில் ஒன்றுமே தெரியவில்லை என்று நாலு பேர் எழுதியதற்காக நீ கேமராவையே தலைமுழுகியது எனக்கு இன்னும் ஆறவில்லை. பத்தொன்பது படத்துக்கு உனக்கு விளக்கு போட்டவன் நான். போட்டவன் என்ன, அணைத்தவன்! "தோக்ஹோ, அதையும் அணைச்சிடுடா" என்பாய். கடைசியில் ஒரு ஜன்னல் வெளிச்சம், அதில் பாதி முகம், அவ்வளவுதான் மிஞ்சும். ஒரு மேகம் நகர்வதற்காகக் கேங்வோன் மலைப் பனியில் அரை நாள் எங்களை நிற்க வைத்தாய். உன்னைத் திட்டிக்கொண்டே நின்றோம். திரையில் பார்த்தபோது, இன்னும் அரை நாள் நின்றிருக்கலாம் என்று தோன்றியது. அப்படி ஒரு கண் இந்த நாட்டில் வேறு யாருக்கும் இல்லை. நேரில் சொன்னால் நீ பேச்சை மாற்றிவிடுவாய்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். நம் இரண்டாவது படத்தைப் புதுப்பிக்கிறார்கள். எல்லோரும் போனில் பார்க்கிற காலம், அதனால் இருட்டையெல்லாம் வெளிச்சமாக்குகிறோம் என்று கலர் சரிசெய்கிற பெண் பெருமையாகச் சொன்னாள். சமையலறைக் காட்சியைப் போட்டுக் காட்டினாள். அம்மாவாக நடித்த ஜங்நிம் அக்காவின் முகம் முழுசாகத் தெரிகிறது.

அன்று காலை கணவரை அடக்கம் செய்துவிட்டு நேரே படப்பிடிப்புக்கு வந்தவர் அவர். மகன் பரீட்சையில் தேறிய சேதி கேட்டு, சோயா முளையை ஆய்ந்தபடி அந்த அம்மா சிரிக்க வேண்டும். குரல் சிரித்தது, கண்ணீர் நிற்கவில்லை. நீ என் காதருகே வந்து, "கடைசி விளக்கையும் அணை. யாருகிட்டயும் மூச்சு விடாதே" என்றாய். "நாம என்ன ரேடியோ நாடகமா எடுக்கறோம்?" என்று டைரக்டர் குவாக் கத்தினார். "இதுதான் என் ஸ்டைல்" என்றாய், சுள்ளென்று. அந்த ஸ்டைலைப் பற்றி இருபத்தாறு வருஷமாகக் கட்டுரை எழுதித் தள்ளுகிறார்கள். நானும் வாயைத் திறந்ததில்லை.

காரணம் சொல்லாமல், வேண்டாம் என்று மன்றாடிப் பார்த்தேன். ஒளிப்பதிவாளர் எழுதிக் கொடுத்தால் நிறுத்துகிறோம் என்கிறார்கள். இருபதாம் தேதி வேலை முடிகிறது.

அக்காவைப் போய்ப் பார்த்தேன். வயது எழுபத்தெட்டு. திரையிடலுக்கு அவரையும் குடும்பத்தோடு அழைத்திருக்கிறார்கள். சமையலறைக் காட்சியின் சேதியைச் சொன்னேன். "அந்த மனுஷன் போனப்போ பிள்ளைங்க முன்னாடி நான் ஒரு சொட்டு விடலை தம்பி. இப்ப அதுங்க பக்கத்துல உக்காந்து இதைப் பார்க்கணுமா?" என்றார். வாசல்வரை வந்து, "விளக்கை அணைக்கச் சொன்னது யாருன்னு அன்னைக்கே எனக்குத் தெரியும். நன்றி சொன்னா, அழுதேன்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும். அதான் சொல்லலை" என்றார்.

உன் கோபம் உன்னோடு இருக்கட்டும். "நான் எடுத்தபடியே இருக்கட்டும்" என்று ஒரே ஒரு வரி, கீழே உன் கையெழுத்து, அது போதும். அதையும் தபாலில் அனுப்பாதே, நீயே கொண்டு வா. அந்த நன்றியை என்னிடம் கொடுத்தனுப்பமாட்டாராம் அக்கா.

உன் கண்ணுக்கு ஒரு குறையும் வராமல் இருக்க வேண்டும்.

உன் விளக்குக்காரன்,
மேங் தோக்ஹோ